குறையில்லாத ஒன்று

தண்ணீர் ஸ்டீல் டம்ளரில் இருந்தால் கொடுங்கள் ஐயா. கண்ணாடி டம்ளர் வேண்டாம். அது விரிசல் விட்டால் அந்தப் பழியும் என் தலையில்தான் விழும்.

என் தம்பி மனைவி எழுதிக் கொடுத்த புகாரைப் படித்துவிட்டுச் சிரித்தீர்கள். தப்பில்லை. நாத்தனார் பார்த்ததால் குழந்தைக்குக் கண் போயிற்று என்று ஒருத்தி எழுதினால் நானும் சிரித்திருப்பேன். ஆனால் அவள் எழுதியது உண்மை. எந்தச் சட்டத்தில் சேர்ப்பது என்பது உங்கள் பாடு. நடந்ததைச் சொல்வது என் பாடு.

பாட்டில் கம்பெனியில் சோதனைப் பிரிவில் இருந்தேன். வெளிச்சத் திரைக்கு முன்னால் பாட்டில்கள் வரிசையாக நகர்ந்து வரும். கீறல், குமிழி, மயிரிழை விரிசல் என்று எது தென்பட்டாலும் எடுத்து ஓரம் கட்ட வேண்டும். மற்றவர்களுக்கு ஒரு கூடை நிறைவதற்குள் எனக்கு மூன்று நிறைந்துவிடும். "கல்லடி பட்டாலும் படலாம், உன் கண்ணடி மட்டும் படக்கூடாதும்மா" என்பாள் பக்கத்து நாற்காலிக்காரி. எல்லோரும் சிரிப்பார்கள். எனக்கும் உள்ளூரப் பெருமைதான்.

ஒருமுறை மேலாளர் என்னைச் சோதிக்க நினைத்தார். குறையே இல்லை என்று மெஷின் சொன்ன பாட்டில்களை எனக்குத் தெரியாமல் கலந்துவிட்டார். அத்தனையையும் நான் ஓரம் கட்டினேன். எடுத்துப் பார்த்தால் அத்தனையிலும் விரிசல். மெஷினைப் பழுது பார்க்க அனுப்பினார்கள், என்னைக் கைதட்டிப் பாராட்டினார்கள். எனக்கு மட்டும் மனசு உறுத்தியது. சாப்பாட்டு நேரத்தில் நல்ல பாட்டில் ஒன்றை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துக்கொண்டே இருந்தேன். முதலில் ஒன்றுமில்லை. பிறகு கழுத்திலிருந்து ஒரு கோடு மெதுவாகக் கீழே இறங்கியது. நான் தேடினேன், அதனால் வந்தது. தேடாமல் பார்க்கலாம் என்று இன்னொன்றை எடுத்தேன். அதிலும் வந்தது. தேடாமல் பார்க்க எனக்குத் தெரியவில்லை ஐயா.

மேலாளரிடம் சொல்லிப் பார்த்தேன். "சார், நான் பார்க்கிறதாலதான் விரிசல் விழுதோன்னு பயமா இருக்கு."

"அப்படின்னா என் பொண்டாட்டியை வந்து பாரும்மா. அவகிட்ட ஒரு குறைகூட இல்லைன்னு அவளே சொல்லிக்கிறா" என்று சிரித்தார். அதற்குப் பிறகு யாரிடமும் நான் வாய் திறக்கவில்லை.

வீட்டிலும் என் கண்ணுக்குத்தான் மரியாதை. வாடகைக்கு வீடு பார்த்தாலும், தம்பிக்குப் பெண் பார்த்தாலும் நான் சரி என்றால்தான் சரி. பெரும்பாலும் சரி என்று சொன்னதில்லை. கடைசியில் அவன் எனக்குக் காட்டாமலே ஒருத்தியைக் கட்டிக்கொண்டு வந்தான். கெட்டிக்காரி. பையன் பிறந்த பிறகு நான் போகும்போதெல்லாம் குழந்தையைத் தோளில் சாய்த்து முகத்தை மறைத்துக்கொள்வாள். "தூங்குறான் அண்ணி, அப்புறம் பாருங்க" என்பாள். எனக்கு அந்தக் குழந்தை மேல் உயிர். வயிறு எரியும். ஆனாலும் அவள் செய்வதுதான் சரி என்று நானே ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வேன்.

தம்பிதான் கேட்கவில்லை. அவள் குளிக்கப் போயிருந்த நேரம், குழந்தையை என் மடியில் வைத்தான். "நல்லாப் பாருக்கா. ஏதாவது இருந்தா உன் கண்ணுக்குத் தப்பாது."

பார்த்தேன். வலது கண்ணின் கருமணிக்குள் குமிழி மாதிரி ஒரு வெள்ளைப் புள்ளி.

பிறவியிலேயே இருந்திருக்கும் என்றார் டாக்டர். அறுவை சிகிச்சை செய்தும் அந்தக் கண் தேறவில்லை. சீக்கிரம் கண்டுபிடித்தது பெரிய விஷயம் என்று சொந்தக்காரர்கள் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்கள். நானும் அழுதேன். தம்பி மனைவி மட்டும் அழவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அதற்கப்புறம் நான் அந்த வீட்டுப் பக்கமே போகவில்லை. இது என் கணக்கில் சேர வேண்டும் ஐயா. ஆனால் தம்பி குழந்தையைத் தூக்கிக்கொண்டு என் வீட்டுக்கு வந்துவிட்டான். முகம் இளைத்திருந்தது.

"அக்கா, இன்னொரு கண்ணு நல்லா இருக்குன்னு டாக்டர் சொல்லிட்டார். ஆனா நீ ஒரு வார்த்தை சொன்னாத்தான் எனக்குத் தூக்கம் வரும்."

"டாக்டரே சொன்னப்புறம் நான் எதுக்குடா?"

"எனக்காகப் பாருக்கா."

கண்ணை மூடிக்கொண்டு நல்லா இருக்கு என்று சொல்லிவிடலாம் என்றுதான் குழந்தையை வாங்கினேன். மூடவும் செய்தேன். குழந்தை என் கட்டைவிரலைப் பிடித்துக்கொண்டது. தம்பி நெருங்கி வந்து நிற்பது காதில் கேட்டது. பார்க்காமல் ஒரு பாட்டிலைக்கூட நான் விட்டதில்லை. கண்ணைத் திறந்தேன்.

இடது கண் நன்றாகத்தான் இருந்தது. புள்ளி இல்லை, புகை இல்லை. உள்ளே ஜன்னல் தெரிந்தது, என் முகம் தெரிந்தது. அவ்வளவு சுத்தமான ஒன்றை நான் என் வாழ்நாளில் கண்டதில்லை. அந்த நிமிஷமே திருப்பிக் கொடுத்திருக்கலாம். கொடுத்தால் என்ன நடக்கும், கொடுக்காவிட்டால் என்ன நடக்கும் என்று எனக்கு நன்றாகவே தெரியும். தெரிந்துதான் குழந்தையை ஜன்னல் வெளிச்சத்துக்குத் திருப்பினேன். இன்னும் கொஞ்ச நேரம் பார்த்தேன். வந்தது.

எழுதிக்கொள்ளுங்கள் ஐயா, நான்தான் செய்தேன். ஆனால் ஒன்று. தம்பி என்னை நம்பியல்லவா கொடுத்தான்? சரியாகப் பார்க்காமல் எப்படித் திருப்பிக் கொடுப்பது?