முகத்துவாரத்தில் முதல் வெட்டு

தலைவர் செபஸ்தியாம்பிள்ளை சென்ற மார்கழியில் ஏன் மண்வெட்டியைக் கையில் எடுத்தார்? எனக்குத் தெரியாது. பங்குச் சுவாமி அவர்களே, மீனவர் சங்கத்தாரே, வாசலோரம் நிற்கும் வயற்காரரே, பதில் தெரியாமல்தான் அவருடைய நினைவுக் கூட்டத்தில் உங்கள் முன் நிற்கிறேன்.

ஒன்பது வருடம் அவர் சங்கத்தின் தலைவர். ஒன்பது வருடமும் அவர் சொல்ல நான் மனு எழுதினேன். மாரி மழையில் வாவி நிரம்பும்போது, அது கடலைச் சேரும் முகத்துவாரத்து மணல்திட்டை வெட்டிவிட்டால் வெள்ளம் கடலுக்கு ஓடும். வாவிக்கு அக்கரையில், படுவான்கரை வயல் வட்டைகளில் நெல் பிழைக்கும். ஆனால் வளராத இறாலும் வெள்ளத்தோடு போய்விடும். பிறகு தை மாதத்தில் நம் வலையில் என்ன விழும்? அடுப்பில் என்ன வேகும்? இதை அரசாங்க அதிபரின் கச்சேரியில் போய்க் கேட்டவர் அவர். கதிரை கொடுத்தாலும் இருக்கமாட்டார். "நிண்டாத்தான் அவங்களுக்கு அவசரம் வரும், டீச்சர்" என்பார்.

அப்படிப்பட்டவர் சென்ற மார்கழியில் ஒருநாள் மீன் விற்கத் தோணியில், வெள்ளம் ஏறியிருந்த படுவான்கரைக்குப் போனார். விற்காமலே திரும்பினார். மறுநாள் காலை திட்டில் முதல் வெட்டை அவரே வெட்டினார். தை மாதம் இறால் இல்லை. "தலைவர் இனி நெல்லு விதைக்கப் போறார்" என்று நம் சங்கத்துச் சீனித்தம்பி சந்தியில் சொன்னார். அதன்பின் அவரோடு பேசவேயில்லை. சீனித்தம்பி இங்கே இருக்கிறார், மறுக்கமாட்டார்.

படுவான்கரையில் என்ன கண்டீர்கள் என்று நானும் தலைவரிடம் கோபத்தோடு கேட்டேன்.

"இதுக்கு மனு எழுத ஏலா, டீச்சர்."

பெருந்தன்மை என்று சொல்லிவிட்டு மேடையிலிருந்து இறங்குவது எளிது. சொல்லமாட்டேன். அந்தத் தையில் அவர் மனைவி இமெல்டா மூன்று வேளையும் மரவள்ளி அவித்ததைக் கண்டவள் நான்.

இன்று வாவி மறுபடி நிரம்பியிருக்கிறது. வெட்டக்கூடாது என்ற மனு என் கைப்பையில் இருக்கிறது. அவர் பணியைத் தொடர்வோம் என்று உறுதி கூறச் சொன்னார்கள். எந்தப் பணியை? ஒன்பது வருடத்தையா, அந்த ஒரு காலையையா? நீங்கள் முடிவுசெய்யுங்கள். முடிவு எதுவானாலும் எழுதித் தருவேன். என்னால் கூடிய உறுதி அதுதான்.

*சங்கக் குறிப்பேட்டில் இவ்வுரையின் கீழ் நான் எழுதிவைத்தது:*

மறுநாள் காலை மனுவில் இருபத்தெட்டுப் பேர் கையெழுத்திட்டனர். சீனித்தம்பி வரவில்லை. பஸ்ஸில் கச்சேரிக்குப் போனேன். வாசலில் நிற்கும்போதே திட்டை வெட்டுகிறார்கள் என்று செய்தி வந்தது. முகத்துவாரத்துக்கு ஓடினேன். ஏழெட்டுப் பேர் வெட்டிக்கொண்டிருந்தனர். முதலில் வெட்டியவர் சீனித்தம்பி. கையில் இருந்தது தலைவரின் மண்வெட்டி. விடியமுன் தோணியில் படுவான்கரைக்குப் போய்வந்து அதைத் தன்னிடம் கேட்டு வாங்கினார் என்று இமெல்டா சொன்னார்.

என்ன கண்டீர்கள் என்று அவரிடமும் கேட்டேன். மண்வெட்டியில் ஒட்டிய மணலை ஓடும் தண்ணீரில் கழுவினார்.

"எப்பிடிச் சொல்றது, டீச்சர்" என்றார்.

மனுவைக் கொடுக்காமல் திரும்பக் கொண்டுவந்தேன்.