நாலு விரல் பத்தல

நாலு விரல் பத்தல அண்ணா! நாலே நாலு விரல்! நீங்களே பாருங்க. இந்த டார்ச்சைக் கொஞ்சம் புடிங்க... கீழ... இன்னும் கீழ... என் மூஞ்சில இல்லண்ணா, சக்கரம் இருந்த எடத்துல. ஆங். அந்தக் கறுப்பு ரப்பர் குழாய் தெரியுதா? அதான் பிரேக் ஹோஸ். இந்தப் புது ஷாக் அப்சார்பர்ல காது மாதிரி ஒண்ணு நீட்டிகிட்டு இருக்கு பாருங்க, அந்தக் காதுல அது போய் ஒக்காரணும். ஒக்காருதா? எட்டவே இல்ல! காலைல ஏழு மணிக்கு வண்டிக்கு அடியில பூந்தவன். இப்ப அஞ்சேகால். எல்லாத்தையும் மாட்டி, எல்லா நட்டையும் இறுக்கி, கடைசியா இந்தக் குழாய மட்டும் செருகிட்டா முடிஞ்சுதுன்னு கைய நீட்டுறேன்... கைக்கு எட்டினது காதுக்கு எட்டல. அந்தப் பக்கமும் இதே கதைதான். ஏமாத்திட்டாங்கண்ணா. வேற ஏதோ வண்டியோட ஷாக்கைத் தூக்கி என் தலையில கட்டிட்டாங்க.

என்ன? உங்க காரா? ஓ... உங்க கார் உள்ள மாட்டிகிச்சா. அட ஆமால்ல, வழிய மறிச்சுகிட்டுதான நிக்குது நம்ம வண்டி. எத்தன மணிக்குக் கெளம்பணும்? அஞ்சரைக்கா? அண்ணி ஸ்டேஷன்ல வந்து எறங்குறாங்களா? அதுக்கென்ன, இன்னும் முழுசாக் கால் மணி நேரம் இருக்கே! ஆனா தள்ளி விட்டுடலாம்னு மட்டும் சொல்லிடாதீங்க. முன் சக்கரம் ரெண்டும் அதோ செவுத்துல சாஞ்சு நின்னு நம்மள வேடிக்க பாத்துகிட்டு இருக்கு. வண்டி ரெண்டு ஸ்டாண்டு மேல ஒக்காந்திருக்கு. எதத் தள்ளுவீங்க?

டார்ச்ச ஆட்டாதீங்கண்ணா.

நீங்க மேல் வீட்டுக்கு வந்து ஒரு வாரம்தான ஆச்சு, உங்களுக்கு இந்த வண்டியோட வரலாறு தெரியாது. முன்னாடி ரெண்டு ஷாக்கும் செத்துப் போய் ஆறு மாசம் ஆச்சு. எண்ணெய் எல்லாம் கசிஞ்சு உள்ள வெறும் காத்துதான். ஒரு வேகத்தடைல ஏறி எறங்கினா வண்டி மூணு தடவ கும்பிடு போடும். ஓட்டுறவருக்கு வணக்கம், பின்னாடி ஒக்காந்தவங்களுக்கு வணக்கம், அப்புறம் பொதுவா ஒரு வணக்கம். போன மாசம் அம்மா மடியில முப்பது முட்டை. வீட்டுக்கு வந்து எறங்கும்போது பதினொண்ணு. மிச்சம் எல்லாம் அம்மா பொடவையில. அன்னிலேருந்து அம்மா இந்த வண்டில முட்டையோட ஏறுறதில்ல. முட்டை இல்லாம ஏறினாலும் கதவுக் கைப்பிடிய உடும்பு மாதிரி புடிச்சுகிட்டு வருவாங்க.

அப்பா ஒர்க்‌ஷாப்ல விட்டுடலாம்னாரு. நான் விடல. நான் பண்றேன்னேன்.

ஏன்னா கேக்குறீங்க? கேளுங்க, நியாயமான கேள்வி. பள்ளிக்கூடம் முடிஞ்சு ரெண்டு மாசம் ஆச்சு. பாஸ்தான். அப்படி ஒண்ணும் பெருமையா சொல்லிக்கிற பாஸ் இல்ல, கதவு சாத்துறதுக்குள்ள ஓடி வந்து ஏறின மாதிரி ஒரு பாஸ். அதுக்கு அப்பா காலேஜ் அப்ளிகேஷன் ஒண்ணு வாங்கிட்டு வந்து சாப்பாட்டு மேசை மேல வச்சிருக்காரு. கணக்கு எழுதுற படிப்பு. மூணு வருஷம்! மேல பேனாவும் வச்சிருக்காரு. மூடிய வேற தொறந்து வச்சிருக்காரு. பதினஞ்சு நாளா நான் அந்தப் பேனாவப் பாத்துகிட்டேதான் சாப்பிடுறேன், சோறு எறங்குமா? எனக்கு வேண்டியது பெரிய ரோட்டு ஒர்க்‌ஷாப்ல தொழில் பழக ஒரு எடம். அங்க கேட்டுட்டேன், அவங்களும் வாடான்னுட்டாங்க. அப்பாதான், 'உனக்குப் பொறுமை கெடையாது. பொறுமை இல்லாதவன் கையில ஸ்பானரக் குடுத்தா கொரங்கு கையில பூமாலதான்'னாரு. நான் சும்மா இருப்பனா? பந்தயம் கட்டிட்டேன். 'ரெண்டு ஷாக்கும் நானே மாத்துறேன். சனிக்கெழம சாயங்காலம் ஆறு மணிக்கு நீங்க வரும்போது உங்கள ஏத்திகிட்டு தெருவ ஒரு சுத்து சுத்தி வருவேன். வந்தா ஒர்க்‌ஷாப். வரலேன்னா நானே அந்தப் பேனாவ எடுத்துக் கையெழுத்து போடுறேன்.'

இன்னிக்குத்தாண்ணா சனிக்கெழம.

அப்பாவுக்கு வண்டியப் பத்தித் தெரிஞ்சதெல்லாம் கதவு எந்தப் பக்கம் தொறக்கும்ங்கிறது மட்டும்தான். தையக்காரர். கடைத்தெரு மொனைல ஒரே ஒரு மிஷினோட ஒரு கடை இருக்கும் பாருங்க, அது நம்மளுதுதான். வாய் நெறைய குண்டூசிய வச்சுகிட்டே மூச்சு விடாம பேசுவாரு, ஒண்ணு கூட கீழ விழாது. அவர் வண்டியப் பத்தி எனக்குச் சொல்றாராம்!

இல்லண்ணா, கெளம்பாதீங்க, மாடிக்கு ஏறி எறங்குற நேரம்தான் வீணாகும். இந்த அட்டையில ஒரு ஓரமா ஒக்காருங்க. ஓ, வெள்ளைச் சட்டை. சரி, நின்னுகிட்டே கேளுங்க.

காலைல இந்தப் பழைய ஷாக்கோட கீழ் போல்ட்டு இருக்கு பாருங்க, ரெண்டு போல்ட்டு, தொட்டா அசையல. துரு புடிச்சு ஒண்ணோட ஒண்ணு கல்யாணமே பண்ணிகிச்சு. எண்ணெய் ஊத்தினேன், மசியல. தட்டினேன், மசியல. ஸ்பானர்ல ஒரு பழைய குழாயச் செருகி ஏறி நின்னேன். அம்மா சமையக்கட்டு ஜன்னல்லேருந்து, 'டேய், அது மேல ஏன்டா குதிக்கிற, சொன்னாக் கேக்காதா அது'ங்கிறாங்க. நான், 'சொன்னாக் கேக்காதுதான், அதுவும் உங்க புள்ளதான'ன்னேன். ஜன்னல் சாத்திகிச்சு. அப்புறம் ஒரு டமார்! போல்ட்டு கழண்டு வந்துச்சு, நான் போய் பூந்தொட்டியில. அந்தச் செவப்புப் பூச்செடி உங்களுதா? ...சரி, அது வேர் புடிச்சிரும், வெந்நீர் ஊத்தாம பாத்துக்கங்க.

இத நான் கத்துகிட்ட வீடியோவுல பாத்தீங்கன்னா, வெள்ளைக் கையுற போட்டுகிட்டு ஒருத்தர் வர்றாரு. மேல மூணு நட்டு, கீழ ரெண்டு போல்ட்டு, குழாய்க்கு ஒரு கிளிப்பு, அவ்வளவுதான் நண்பர்களேங்கிறாரு. போல்ட்டு வெண்ணெயில செருகின கத்தி மாதிரி வருது. ரெண்டே மணி நேரம்னாரு. அவன் வண்டி மழையில நனஞ்சிருக்காதா? என்ன வண்டிண்ணா அது, பூஜை அறையில வச்சிருந்தானா!

சரி, எதுல விட்டேன்? ஆங், இந்த ஷாக்க வித்த கடைக்காரன். நாலரைக்குப் போன் போட்டேன் அவனுக்கு. என்னங்க, ஸ்ப்ரிங்கோட சேத்து முழுசா மாட்டின ஷாக்குன்னு சொல்லித்தான குடுத்தீங்க, குழாய் எட்டலியேன்னேன். அவன் நிதானமா, 'தம்பி, பெட்டியில என்ன எழுத்து போட்டிருக்கு?'ங்கிறான். பெட்டியப் பத்தி உமக்கு என்னய்யா, பொருளப் பத்திப் பேசுங்கன்னேன். 'இல்ல தம்பி, பெட்டிய எடுத்துப் பாருங்க'ங்கிறான் மறுபடியும். பெட்டி எல்லாம் இல்லன்னேன். அதுக்கு என்ன சொன்னான் தெரியுமா? 'ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னாளாம்'னு சொல்லிட்டுப் போன வச்சுட்டான்! எனக்கு வந்துச்சு பாருங்க கோவம்! திரும்பப் போட்டுத் திட்டினேன். நல்லாவே திட்டினேன். அம்மா ஜன்னலத் தொறந்து வச்சுக் கேட்டாங்கன்னா பாத்துக்கங்க.

அதுல ஒரு நல்லதும் நடந்துச்சு. அம்மா ஒடனே அப்பாவுக்குப் போன் போட்டு, 'புள்ள பாவம், காலைலேருந்து சாப்பிடாமக் கெடக்கான், கடைக்காரன் தப்பான பொருளக் குடுத்துட்டான்'னு சொல்லிட்டாங்க. அப்பா மிஷின நிறுத்திட்டுக் கேட்டாராம். அப்புறம், 'கடைக்காரன் தப்புக்கு அவன் என்ன பண்ணுவான், திங்கக்கெழம மாத்திகிட்டு வந்து போடட்டும், அப்ளிகேஷன் அதுவரைக்கும் இருக்கட்டும்'னாராம். எங்கப்பாண்ணா! பந்தயத்துல தவண குடுக்குறாரு! ஆக எனக்கு இப்ப ஒரு கவலையும் இல்ல. திங்கக்கெழம ரெண்டையும் தூக்கிட்டுப் போய் அந்த ஆளு மேசை மேல வச்சு...

என்னண்ணா? டார்ச்ச ஏன் அங்க கொண்டு போறீங்க? இந்தக் காதா? ஆமா, பின்னாடி பாத்துகிட்டு இருக்கு. அது அப்படித்தான். குழாய் முன்னாடி இருக்கு, காது பின்னாடி இருக்கு, அதான எட்டலன்னு கத்திகிட்டு இருக்கேன்... அந்தப் பக்கத்துக் காதும் பின்னாடிதான் பாக்குது.

இருங்க.

இருங்க இருங்க. இங்க இருக்கிறத அங்க மாட்டினா... காது முன்னாடி வரும். அங்க இருக்கிறத இங்க மாட்டினா...

ஐயோ.

இல்லண்ணா, இருக்காது. எடது எது, வலது எதுன்னு தெரியாதவனா நான்? பெட்டியில கொட்ட எழுத்துல போட்டிருந்துச்சே, ஒண்ணுல எல், ஒண்ணுல ஆர். பெட்டியா? பெட்டி... கிழிச்சு விரிச்சுட்டேன். தரை ஜில்லுன்னு இருந்துச்சு. நான் படுத்திருக்கேன்ல, இதுதான். முதுகுக்குக் கீழ பாருங்க... ஆர். அவன் கேட்ட எழுத்து மேலயே படுத்துகிட்டு அவனத் திட்டியிருக்கேன்.

சிரிங்க, சிரிங்க. நல்லா வாய் விட்டே சிரிங்க.

என்ன? மாட்டும்போது அந்தப் பக்கத்தப் பாத்து மாட்டியிருக்கலாமேவா? பாத்திருக்கலாம்தான். பாக்குறதுக்கு அந்தப் பக்கம் ஏதாவது இருந்திருந்தா. பழசு ரெண்டும் அதோ ஒண்ணு மேல ஒண்ணு கால் போட்டுப் படுத்திருக்கு. எது எந்தப் பக்கத்துதுன்னு அதுங்களுக்கே தெரியாது. அத விடுங்கண்ணா. அதப் பத்திப் பேசாதீங்க.

குழாய இழுத்துக் கட்டிடலாமா? கம்பி போட்டு? ...ம்ஹூம். ஸ்டியரிங்க முழுசா ஒடிச்சா பிச்சுகிட்டு வந்துரும். பிரேக் போயிடும். அந்தச் சீட்டுல அம்மா ஒக்காருவாங்க. வேணாம்.

மறுபடி முழுசாக் கழட்டணும். மேல ஆறு நட்டு, கீழ நாலு போல்ட்டு. என்ன வேகமா பண்ணினாலும் எட்டு மணி ஆயிடும்.

நீங்க சொல்றது எனக்கும் தோணுச்சு, தோணாம இல்ல. வாய மூடிகிட்டு இருந்தாப் போதும். அப்பாவே தவண குடுத்துட்டாரு. திங்கக்கெழம மத்தியானம் யாரும் இல்லாத நேரமாப் பாத்து எடத்த மாத்தி மாட்டிட்டு, கடையில மாத்திக் குடுத்துட்டாங்கன்னு சொல்லிட்டா ஒர்க்‌ஷாப். யாருக்குத் தெரியப் போவுது? உங்களுக்குத் தெரியும், நீங்க சொல்ல மாட்டீங்க. அந்தக் கடைக்காரனுக்குத் தெரியும். அவன நான் என்னென்ன சொன்னேன்... அவன் அம்மாவ மட்டும் இழுக்கல, அது ஒண்ணுதான் பாக்கி.

என்னால முடியாதுண்ணா. பொய் சொல்லக் கூடாதுங்கிறதுக்காக இல்ல. சொல்லியிருக்கேன், நெறைய. ஒர்க்‌ஷாப்ல சேந்து, மொத நாளு ஒரு ஷாக்க கையில எடுக்கும்போதே இது நெனப்புக்கு வரும்ல? எனக்குத் தெரியும், வரும். சனியன் வந்தே தீரும்.

அய்யோ, உங்க போன் அடிக்குது. அண்ணியா? வந்து எறங்கிட்டாங்களா? டாக்ஸிய வரச் சொல்லிடுங்கண்ணா. போங்க, போங்க. டார்ச்ச அந்தச் செங்கல் மேல வச்சுட்டுப் போங்க. எட்டு மணிக்கு உங்க கார எடுத்துக்கலாம், சத்தியமா. எட்டரை. பூச்செடிக்கு மன்னிச்சிருங்கண்ணா! அண்ணிகிட்ட நான்தான்னு சொல்லிடுங்க!

...யாரு வாசக் கேட்டத் தொறக்குறது? அண்ணா, டாக்ஸி அதுக்குள்ள வந்துருச்...

அப்பா.

சீக்கிரமே வந்துட்டீங்க. இல்லப்பா, சாப்பிடல. இல்ல, எந்திரிக்கல, இப்படியே சொல்லிடுறேன், உங்க மூஞ்சியப் பாத்தா சொல்ல வராது. அம்மா போன்ல சொன்னது தப்பு. நான் சொன்னதத்தான் அவங்க சொன்னாங்க. கடைக்காரர் சரியாத்தான் குடுத்திருக்காரு. எடது வலது மாத்தி மாட்டிட்டேன். தவணை எல்லாம் வேணாம். மணி ஆறாகல, ஆனா ஆறுக்குள்ள முடியாது. அந்தப் பேனா அங்கயே இருக்கட்டும், கை கழுவிட்டு வரேன்.

எப்படி மாறுச்சாவா? காலைல கடைக்குப் போகும்போது இதே எடத்துல நின்னு சொன்னீங்கள்ல, நான் கூட சிரிச்சேன்ல. 'கோட்டுக்குக் கை தைக்கணும்னா ரெண்டு கையையும் ஒண்ணாப் பிரிக்க மாட்டேன்டா, ஒரு கையப் பிரிச்சு மறு கையப் பாத்துத் தைப்பேன், நீயும் ஒரு பக்கத்த முழுசா முடிச்சுட்டு அப்புறமா அந்தப் பக்கம் போ'ன்னு...

நீங்க தெருமொன திரும்புறதுக்குள்ள ரெண்டு பக்கத்தையும் ஒண்ணாக் கழட்ட ஆரம்பிச்சுட்டேம்ப்பா.