ரெத்தினதாசுக்கும் லீலாபாய்க்கும் வாசித்த மூன்றாம் ஓலை

பெயர்: வேதமாணிக்கம். தகப்பனார் பெயர்: மாசிலாமணி. வயது: அறுபத்து மூன்று. தொழில்: கொப்பரை வியாபாரம். விலாசம்: நெய்யாற்றின்கரைத் தாலுகா, காரோடு. படிப்பு: பள்ளிக்கூடம் போனதில்லை, வேதபுத்தகத்தையும் பாட்டுப் புத்தகத்தையும் வைத்து நானாகப் படித்தது.

1954ஆம் வருஷம் செப்டம்பர் மாதம் இருபதாம் தேதி கனம் மாஜிஸ்திரேட்டு அவர்கள் முன்பாகக் கொடுக்கும் வாக்குமூலம்.

குமஸ்தா இதை மலையாளத்தில் எழுதத் தொடங்கினார். எனக்கு மலையாளம் பேச வரும், வாசிக்க வராது. வாசிக்க முடியாத காகிதத்தில் கையெழுத்துப் போட மாட்டேன் என்று சொல்லி, அனுமதி பெற்று, என் கையாலேயே தமிழில் எழுதுகிறேன்.

புதுக்கடை வழக்கில் தேடப்படும் ரெத்தினதாசை ஒளித்து வைத்தேன் என்றும், நேற்று எங்கள் கிறிஸ்தவ சபைக் கோவிலில் போலீசைத் தடுத்தேன் என்றும் என் மேல் குற்றம் சொல்லப்படுகிறது. ரெத்தினதாஸ் என் ஒரே மகள் லீலாபாய்க்கு நிச்சயித்த மாப்பிள்ளை. விளவங்கோடு தாலுகாவில் புதுக்கடையை அடுத்து வீடு. தகப்பன் இல்லை; தாயார் செல்லபாய் மட்டும் உண்டு. நிச்சயம் முடிந்து இரண்டு வருஷம் கழிந்துவிட்டது. எங்கள் தாலுகாக்கள் தமிழ்நாட்டோடு சேருமா என்பது தீர்ந்த பிறகே கல்யாணம் என்று நான்தான் சொன்னேன். பெண்ணைக் கட்டிக் கொடுத்த பிறகு நடுவே எல்லை விழுந்தால், மகளைப் பார்க்க நான் அடுத்த ராஜ்யத்துக்குப் போக வேண்டி வரும். அப்படி நினைத்ததில் பிழை இருப்பதாக இன்றும் எனக்குத் தோன்றவில்லை. ரெத்தினதாஸ் அதைக் கேட்டுச் சிரித்து, "எல்லைய நான் கொண்டு வாறேன் மாமா, நீரு பந்தலைப் போடும்" என்று சொல்லி, தமிழ்நாட்டோடு சேர்க்கக் கேட்டு நடந்த ஊர்வலங்களுக்கெல்லாம் போனார்.

ஆகஸ்டு பதினொன்றாம் தேதி புதுக்கடையில் போலீஸ் துப்பாக்கிச் சூடு நடந்தது. அன்று ஊர்வலத்தில் போன ரெத்தினதாஸ் வீடு திரும்பவில்லை. அவர் விழுந்ததைக் கண்டதாக ஒருவர் சொன்னார். தோட்டுத் தண்ணீரில் குதித்து ஓடியதாக இன்னொருவர் சொன்னார். செத்தவர்களில் உண்டா என்று போய்க் கேட்க ஆளில்லை. கேட்கப் போனவர்களையும் பிடித்து வைத்துக்கொண்டார்கள் என்று பேச்சு இருந்தது. அதன் பிறகு எங்கள் பக்கத்திலும் ஆண்கள் பகலில் வீட்டில் இருப்பதில்லை. மரச்சீனிக் கிழங்குத் தோட்டங்களில் போய்ப் படுத்துக்கொண்டார்கள். ரோட்டில் ஜீப்புச் சத்தம் கேட்டால் கிணற்றில் இறைத்துக்கொண்டிருக்கும் என் மகள் வாளியைப் பாதிக் கயிற்றில் அப்படியே பிடித்துக்கொண்டு நிற்பாள். சத்தம் நீங்கிய பிறகும் இழுக்க மாட்டாள். கல்யாணத்துக்குத் தைக்கக் கொடுத்த சட்டையைத் தையல்காரர் கொண்டு வந்தார். அவள் அதை வாங்கவும் இல்லை, வேண்டாம் என்று சொல்லவும் இல்லை.

அதன் பிறகு நான் செல்லபாயிடம் போய், கல்யாண ஓலை வாசிக்கச் சொல்லப் போகிறேன் என்று சொன்னேன். எங்கள் சபையில் கல்யாணத்துக்கு முன்பு மூன்று ஞாயிற்றுக்கிழமை பெண் மாப்பிள்ளை பெயரைச் சபைப் போதகரான ஐயர் கோவிலில் வாசிப்பார். வாசித்து முடித்து, இதற்குத் தடை அறிந்தவர்கள் உண்டானால் இப்போதே சொல்ல வேண்டும் என்று கேட்பார். அறிந்ததை மறைப்பது பாவம். மூன்று முறை வாசித்துத் தடை இல்லையென்றால் மூன்று மாதத்துக்குள் எந்த நாளிலும் தாலி கட்டலாம்.

செல்லபாய் என் முகத்தைப் பார்க்காமல், "அண்ணே, அவன் உண்டா இல்லியாண்ணு தெரியாம எப்பிடி ஓலை வாசிக்கது?" என்றாள்.

"அது தெரியத்தான் வாசிக்கது. அவன் செத்தது கண்டவன் எவனாவது உண்டுண்ணா கோவில்ல எழும்பிச் சொல்லட்டு" என்றேன்.

அவள் தலையசைத்தாள். அவர்கள் ஊர்ச் சபை ஐயரும் சம்மதித்தார்.

முதல் ஞாயிறு வாசித்தபோது ஒருவரும் எழும்பவில்லை. ஓலை வாசிக்கும்போது பெண் கோவிலில் இருப்பது எங்கள் வீட்டில் வழக்கமில்லை. நான் திரும்பி வருவதை என் மகள் முற்றத்தில் நின்று பார்த்தாள். இல்லை என்று கை காட்டினேன். இரண்டாம் ஞாயிறும் ஒருவரும் எழும்பவில்லை. ஆனால் மதிலுக்கு வெளியே தெரியாத ஒருவர் சைக்கிளைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

மறுநாள் போலீசார் வந்து வீட்டைச் சோதித்தார்கள். கல்யாணச் சோற்றுக்கு வாங்கிய வார்ப்புப் பாத்திரங்களைக் காட்டி, யாருக்குச் சமைக்க என்று கேட்டார்கள். பந்தலுக்கு வெட்டி வைத்த கமுகுத் தடிகளை, போலீசை அடிக்க வைத்தது என்று சொல்லி லாரியில் ஏற்றினார்கள். அதன் பிறகு சபைச் செயலாளர் ராபின்சன் என்னிடம் வந்தார்.

"அண்ணே, மாப்பிளைய காணல்ல. பந்தல் கால போலீசு கொண்டு போச்சு. இனி ஐயரையும் கொண்டு போனாத்தான் ஒமக்குத் திருப்தியாக்கும். மூணாம் ஓலைய நிறுத்தும்."

"பயமுண்டுண்ணா நீ அண்ணைக்குப் பாறசாலைக்குப் போயி சாயா குடி."

"மாப்பிளைக்கு பதிலா இன்ஸ்பெக்டருக்க தொப்பிய வெச்சா தாலி கெட்டப் போறீரு?" என்று அவர் கத்தினார்.

உள்ளே இருந்து என் மகள், "வாசிக்கட்டு அப்பா. இல்லேண்ணா நான் என்னண்ணு இருக்கது?" என்றாள். ராபின்சன் திரும்பிப் போனார்.

நேற்று மூன்றாம் ஞாயிறு. சப் இன்ஸ்பெக்டர் நான்கு போலீசாரோடு வந்து, செருப்பைக் கழற்றாமல் கடைசிப் பெஞ்சில் இருந்தார். பெண்கள் பக்கத்தில் செல்லபாய் இருந்தாள். பாட்டுப் படித்த சத்தம் அன்று பாதிதான் இருந்தது. ஐயர் ஓலையை வாசித்து, தடை அறிந்தவர்கள் உண்டா என்று கேட்டார். சப் இன்ஸ்பெக்டர் எழும்பினார்.

அப்போது நான் பயந்தது அவருக்கு அல்ல. செத்தவர்கள் பெயர் அவருக்குத்தான் தெரியும். அவர் வாயைத் திறக்கும் முன் நான் செல்லபாயைப் பார்த்தேன். அவள் கண்ணை மூடியிருந்தாள்.

"தடசமுண்டு. இவன் கேசிலே பிரதியாணு. ஒளிவிலாணு. வியாழாழ்ச்ச வெள்ளறட சந்தையில் கண்டவருண்டு" என்று அவர் சொன்னார். தடை உண்டு, வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவன், தலைமறைவாக இருக்கிறான், வியாழக்கிழமை வெள்ளறடைச் சந்தையில் பார்த்தவர்கள் உண்டு என்று அதற்கு அர்த்தம். செல்லபாய் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு குலுங்கினாள். மகன் பெயர் கெட்டதற்கு அழுகிறாள் என்று நினைத்தோ என்னவோ, ஒரு போலீஸ்காரர் அவளைப் பார்த்துச் சிரித்தார்.

நான் எழும்பி, "ஐயரே, முன்னே தாலி கெட்டினதும் ரெத்த பந்தமும் சம்மதமில்லாததுமாக்கும் தடை. போலீசு தேடுகது தடையில்ல. ஓலைய வாசிச்சு முடியும்" என்றேன். உடனே என்னைப் பிடித்தார்கள். வாசலில் கதவு நிலையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். விரல் கணுக்களில் லத்தியால் அடித்தார்கள். ஐயர், தடை இல்லை என்று முடித்தார். அதன் பிறகே கையை விட்டேன். போலீசைத் தடுத்தது என்று சொல்வது இதைத்தான்.

ரெத்தினதாஸ் எங்கே என்று கேட்கிறார்கள். எனக்குத் தெரியாது. உயிரோடு இருக்கிறார் என்பதே சப் இன்ஸ்பெக்டர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். கல்யாண நாள் கேட்கிறார்கள். குறிக்கவில்லை, குறித்தாலும் சொல்ல மாட்டேன். கல்யாணம் வேண்டாமென்று எழுதிக் கொடுத்தால் விடுவதாகச் சொன்னார்கள். எழுத மாட்டேன்.

இன்று காலை என் மகள் ஸ்டேஷனுக்குக் கஞ்சி கொண்டு வந்தாள். வீங்கிய என் கையைப் பார்த்தும் ஒன்றும் கேட்கவில்லை. "வியாழாழ்ச்சேண்ணு தானே சொன்னாரு?" என்று கேட்டாள். ஆமென்றேன். திரும்பவும் சொல்லச் சொன்னாள். திரும்பவும் சொன்னேன். கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

"இதுவர எனக்குப் பயமே இல்லப்பா. இனிதான் பயம்" என்றாள்.

இதில் எழுதியவை முழுவதும் நான் கண்டதும் என் காதால் கேட்டதும். ஒருவரும் சொல்லித்தந்து எழுதியதல்ல. நானே இரண்டு முறை வாசித்து, உண்மையென்று கண்டு, விரல் மடங்காத கையால் ஒப்புப் போடுகிறேன்.

(ஒப்பு) மா. வேதமாணிக்கம்