விண்ணேந்திக்குள் துரைசுவாமி சார்

சாந்தன்பாறை,
12-11-1974, செவ்வாய், பகல் இரண்டு மணி.

தேவிகுளம் போலீஸ் சப் இன்ஸ்பெக்டர் அவர்களுக்கு, மாரப்பன் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது.

இங்கே மழை விட்டுவிட்டதுங்க. நேற்று மத்தியானம் எங்கள் வாசகசாலையில் நாலு பேர் இருந்தோம். செயலாளரும் ஓய்வு பெற்ற கணக்கு வாத்தியாருமான துரைசுவாமி சார் சாய்வு நாற்காலியில். ஆசாரி செபாஸ்டின் ஜன்னலோரம், தன் உளிப்பெட்டி மேல். மகனுக்கு என்னிடம் கடிதம் எழுதி வாங்க வந்த வேலுத்தாய் வாசற்படியில். நான் உட்காரவில்லை. நாடகம் படிக்கிறவன் நின்றுகொண்டுதான் படிக்க வேண்டும். நடுவில் விண்ணேந்தி இருந்தது.

விண்ணேந்தி என்பது நான் எழுதிய 'இருமதி நாடு' நாடகத்தில் வருவது. அந்த நாட்டில் சந்திரன் இரண்டு. விண்ணேந்திக்கு முகம் பன்னிரண்டு, ஒவ்வொன்றும் ஐங்கோணம். அண்டவெளியின் சக்தியை வாங்கி உள்ளே இருப்பவர் உச்சந்தலையில் இறக்கும். மூன்றாம் காட்சியில் இளவரசன் அதற்குள் மூன்று நாள் அன்னம் தண்ணீர் இல்லாமல் இருந்து, பொன் தேகத்துடன் வெளியே வருவான். செபாஸ்டின் பலாச்சட்டம் போட்டுத் தகரம் அடித்து ஆள் உயரத்துக்குச் செய்து தந்தார். மூச்சுக்கு ஒவ்வொரு முகத்திலும் ஒரு துளை. ஒரு முகம் கதவு. அதற்குப் பூட்டு உண்டு.

நான் மூன்றாம் காட்சியை முடித்தபோது துரைசுவாமி சார் சொன்னது இது:

"எல்லாம் நன்னா இருக்காக்கும். மூணு நாள் உள்ள இருக்கானே, மூத்திரத்துக்கு எங்க போவான் ஓய்?"

வேலுத்தாய் சிரித்தாள். செபாஸ்டினும் சிரித்தார். இரண்டு சந்திரனை ஒப்புக்கொண்ட சார் இதை ஒப்புக்கொள்ளவில்லை. காட்சியை எடுத்துவிட்டு ஒரு டான்ஸ் வைக்கலாம் என்றும் சொன்னார். எனக்கு அவர்மேல் கோபம் எதுவும் இல்லை.

செபாஸ்டின் கம்பம்மெட்டு பஸ்ஸுக்குக் கிளம்பினார். வேலுத்தாயும் போனாள். பிறகு சார், ஐங்கோணத்தின் கோணம் நூற்றெட்டு டிகிரி இருக்கிறதா பார்க்க வேண்டும் என்று கோணமானியோடு தாமாகவே உள்ளே தவழ்ந்து போனார். யாரும் தள்ளவில்லை. உள்ளிருந்து குரல் வந்தது:

"நூத்தேழுதான் ஓய் இருக்கு."

அப்போதுதான் பூட்டினேன். மணி நாலு.

ஒரு எழுத்துக்காரன் எழுதியது நடக்கும் என்று காட்ட இதைவிட நேர்மையான வழி எனக்குத் தோன்றவில்லைங்க. அவருடைய சம்சாரம் வாலாம்பாள் அம்மாள் தேர்த் திருவிழாவுக்காகக் கல்பாத்தி போயிருக்கிறார். கவலைப்படக் கூடாது என்று இன்று காலை அவருக்கும் ஒரு கார்டு போட்டேன்: 'சார் சௌக்கியம். வெளியில் எங்கும் சாப்பிடுவதில்லை.'

தண்ணீர் கொடுக்கவில்லை. மூன்றாம் காட்சியில் தண்ணீர் கிடையாது.

காலையில் வேலுத்தாய் தன் கடிதத்துக்காகத் திரும்பி வந்தாள். சத்தம் கேட்டுத் துளையில் காதை வைத்தாள்.

"ஏய்யா, வாத்தியாரு உள்ள கெடந்து தட்டுதாரு. ஒரு வாய் தண்ணியாவது ஊத்துங்க."

"வேணாங்க. சக்தி கலைஞ்சு போயிருமுங்க."

"என்ன சக்தி? அவரு ஒங்க அப்பன் பாட்டனையெல்லாம் வையுதாரு."

"தெம்பு இருக்குதல்லங்க? அதான் சக்தி."

பூட்டை இழுத்துப் பார்த்தாள். சாவி என் இடுப்பில் இருந்தது. செபாஸ்டினைக் கூட்டிவந்து உடைப்பேன் என்று சொல்லிவிட்டுப் போனாள். பஸ் நேரத்தை நானேதான் சொன்னேன். ஆனால் செபாஸ்டின் செய்த வேலை சாமானியத்தில் உடையாது.

ஆகவே, துரைசுவாமி சாரைப் பூட்டியது நான். பூட்டியே வைத்திருப்பதும் நான். வேறு யாருக்கும் இதில் பங்கில்லை. இந்தக் கடிதம் வியாழக்கிழமை தங்களுக்குக் கிடைக்கும். மூன்று நாளும் அன்று நாலு மணிக்கு நிறைகிறது. தாங்களே வந்து திறந்தால் சாட்சிக்கும் ஆயிற்று. எழுத்து சில இடங்களில் கோணியிருப்பதற்கு மன்னிக்கவும். அவர் உதைக்கும்போது மேஜையும் ஆடுகிறது. முதல் இரண்டு பிரதிகளை அதனால்தான் கிழித்துப் போட்டேன்.

இப்படிக்கு,
கீழ்ப்படிதலுள்ள,
மாரப்பன்.

இணைப்பு: சாவி ஒன்று.

(உறையின் பின்புறம் எழுதியது)

ஐயா, உறையை ஒட்டி முடித்த பிறகு சார் துளை வழியாகக் கூப்பிட்டு, "மூணாம் காட்சி பேஷா இருக்கு மாரப்பா. ஒரு எழுத்தையும் மாத்த வேண்டாம். கோணமும் நூத்தெட்டுதான், நான்தான் தப்பாப் பாத்தேன். கதவைத் திற" என்றார். என் கண் கலங்கிவிட்டது. உடனே திறந்திருப்பேன். சாவி உறைக்குள்ளே இருக்கிறது. உறையைக் கிழித்தால் கடிதத்தை மறுபடியும் முதலிலிருந்து மாற்றி எழுத வேண்டும். கடிதம் வாங்க வந்து நிற்கும் தபால்காரரும் பையைத் தோளில் போட்டுவிட்டார். வரும்போது சாவியை மறந்துவிட வேண்டாம்.