அரசர் பெயர் வரும் இடத்தில்

டெவன், இங்கிலாந்து. 1689, ஜூலை மாதத்தின் கடைசி நாள், காலை. பாதிரியார் வீட்டுச் சமையலறை.

வில்மட்: அசையாதீங்க. கத்தி தாடைக்குக் கீழ இருக்கு.

கில்பர்ட்: நான் எங்க அசைஞ்சேன்? நீதான் பேச்சுக் குடுத்துக்கிட்டே…

வில்மட்: பேசறதும் அசையறதுதான். வாயை மூடுங்க. …ம். இப்போ ஜன்னல் பக்கம் திரும்புங்க.

கில்பர்ட்: டாட்னஸுக்குப் போகாத ஆளுக்கு இவ்வளவு சவரம் எதுக்கு வில்மட்?

வில்மட்: போனாலும் போகாட்டியும் இந்த மூஞ்சியைத் தினம் பார்க்கப்போறது நான்தானே. எனக்காக இருக்கட்டும்.

கில்பர்ட்: போகலைன்னு நேத்தே சொல்லிட்டேன்.

வில்மட்: நேத்து சொன்னீங்க. இன்னிக்குக் கண்ணைத் திறந்ததும் மழை வருமான்னு கேட்டீங்க. வீட்டுல இருக்கப்போறவருக்கு மழை வந்தா என்ன, வராட்டி என்ன?

கில்பர்ட்: இல்ல… பட்டாணிக் கொடி…

வில்மட்: பட்டாணிக் கொடியாம். தட்டுக்கு வர்றதுக்கு முன்னாடி பட்டாணியைப் பத்தி என்னிக்குக் கவலைப்பட்டீங்க?

கில்பர்ட்: சிரிக்க வைக்காதே. கத்தி இருக்கு.

வில்மட்: சரி, சிரிக்காமக் கேளுங்க. இன்னிக்குச் சாயங்காலத்துக்குள்ள டாட்னஸ்ல நீதிபதி முன்னாடி நின்னு, வில்லியம் ராஜாவுக்கும் மேரி ராணிக்கும் விசுவாசமா இருப்பேன்னு சத்தியம் பண்ணணும். பண்ணாத பாதிரியார் நாளையிலேர்ந்து பிரசங்க மேடை ஏறக்கூடாது. குளிர்காலம் முடியறதுக்குள்ள மனசு மாறலைன்னா, கோயிலும் இந்த வீடும் வேற ஒருத்தருக்கு. சரியாச் சொல்றேனா?

கில்பர்ட்: சட்டம் போட்டவங்களை விடத் தெளிவாச் சொல்றே.

வில்மட்: அப்புறம் என்ன தடை?

கில்பர்ட்: ஜேம்ஸ் ராஜாவுக்கு ஏற்கெனவே சத்தியம் பண்ணியிருக்கேன். கடவுள் பேரால. அவர் இன்னும் உயிரோட இருக்கார்.

வில்மட்: அயர்லாந்துல.

கில்பர்ட்: எங்க இருந்தா என்ன? உயிரோட இருக்கிற புருஷனை விட்டுட்டு நீ இன்னொருத்தனைக் கட்டிக்குவியா?

வில்மட்: என் புருஷன் அந்த ஜேம்ஸ் ராஜா மாதிரி ராஜமுத்திரையை ஆத்துல வீசிட்டு, யார்கிட்டயும் சொல்லாமப் படகேறிப் போயிருந்தா… கொஞ்சம் யோசிப்பேன்.

கில்பர்ட்: வில்மட்…

வில்மட்: அசையாதீங்கன்னேன். போன வருஷம் அதே ஜேம்ஸ் ராஜா அனுப்பின அறிக்கையைக் கோயில்ல வாசிக்க மாட்டேன்னு நின்னது யாரு?

கில்பர்ட்: அது வேற. சட்டத்துக்கு மீறி ராஜா ஒண்ணைச் சொன்னா வாசிக்காம இருக்கலாம். ராஜாவையே மாத்தறதுன்னா…

வில்மட்: அந்த ராஜா சொன்னதை நீங்க செய்யலை. இந்த ராஜா கேக்கறதைக் குடுக்கலை. உங்களுக்குன்னு தனியா ஒருத்தரைச் செஞ்சு அனுப்பச் சொல்லணும் போல.

கில்பர்ட்: நீ கேலி பண்றே. அந்தச் சத்தியத்துல முன்னாடி 'நியாயமான, உரிமையுள்ள ராஜா'ன்னு இருந்தது. அதை எடுத்துட்டாங்க. ஏன்? என்னை மாதிரி ஆளுங்களுக்குத் தொண்டையில இறங்கட்டும்னு.

வில்மட்: முள்ளை எடுத்துட்டு மீனைக் குடுக்கறாங்க. அதுக்குமா கோபம்?

கில்பர்ட்: கோபம் இல்லை. முள்ளே இல்லாத மீனைப் பார்த்தா, இது மீன்தானான்னு ஒரு சந்தேகம் வருது.

ஹானிபல்: ஐயா… உள்ள வரலாமா? குதிரைக்குச் சேணம் போட்டாச்சு.

கில்பர்ட்: யார் போடச் சொன்னது?

ஹானிபல்: அம்மாதான்.

வில்மட்: நான் குதிரையை வெளிய கட்டச் சொன்னேன். அவ்வளவுதான்.

ஹானிபல்: சேணத்தோடன்னு சொன்னீங்களே அம்மா…

கில்பர்ட்: கோயில் மணி அடிக்கறே, என் ஜெபத்துக்கெல்லாம் ஆமென் சொல்றே. இப்போ குதிரை வேலையும் சேர்ந்துடுச்சா ஹானிபல்?

ஹானிபல்: கல்லறைக் குழியும் நான்தான் வெட்டறேன் ஐயா. அதை விட்டுட்டீங்க.

கில்பர்ட்: அதுக்கு இன்னும் நாள் இருக்கு. உன் இருமல் எப்படி இருக்கு, அதைச் சொல்லு.

ஹானிபல்: இருமலா? எனக்கா? …ஆமா, இருமல். பரவாயில்லைங்க.

கில்பர்ட்: ஞாயித்துக்கிழமை அப்படி இருமினியே. நீ மட்டுமா, கோயிலே இருமிச்சு. எனக்கு ரொம்பக் கவலையா இருக்கு. வசந்த காலத்துல ஆரம்பிச்சது, கோடையிலயும் விடலை. நான் குடுத்த மருந்துத் தேனை எல்லாரும் குடிக்கறாங்களா இல்லையா?

ஹானிபல்: ரொம்ப நல்லா இருந்தது ஐயா. ரொட்டிக்குத் தொட்டுச் சாப்பிட்டா…

கில்பர்ட்: ரொட்டிக்கா?

வில்மட்: ஹானிபல், குதிரைக்குத் தண்ணி காட்டினியா?

ஹானிபல்: காட்டிட்டேன் அம்மா.

வில்மட்: இன்னொரு தடவை காட்டு.

கில்பர்ட்: இரு இரு. வில்மட், கத்தியைக் கீழ வை. ஹானிபல், இங்க வா. ஒரு விஷயம் எனக்கு ரொம்ப நாளாப் புரியலை. பாட்டு பாடும்போது யாரும் இருமறதில்லை. பிரசங்கத்துல தூங்கறீங்க, ஆனா இருமறதில்லை. ராஜாவுக்காக நான் ஜெபம் பண்ற நேரத்துல மட்டும் எல்லாருக்கும் சேர்ந்து வருது. முழங்கால் போடறப்போ தரையிலேர்ந்து குளிர் ஏறுதோன்னு நினைச்சு, பாய் போடக்கூடச் சொன்னேன்.

ஹானிபல்: ஆமாங்க. பாய் ரொம்ப வசதியா இருக்கு.

கில்பர்ட்: ஹானிபல்.

ஹானிபல்: அம்மா… சொல்லிடட்டுமா?

வில்மட்: நான் சொல்லாதேன்னா சொல்லாம இருக்கப்போறியா? சொல்லு.

ஹானிபல்: ஐயா, ஜெபத்துல வில்லியம், மேரின்னு பேரோட சொல்லணும்னு உத்தரவு வந்ததில்ல? நீங்க 'எங்கள் ராஜாவுக்காக' வரைக்கும் வருவீங்க. அங்க நின்னுடுவீங்க. எச்சில் முழுங்குவீங்க. அப்புறம் நேரா மேல போயிடுவீங்க. எல்லாருக்கும் தெரியும். எக்ஸிட்டர்லேர்ந்து மேலிடத்து ஆள் ஒருத்தன் ஒவ்வொரு ஊராப் போய் யார் பேர் சொல்றாங்க, யார் சொல்லலைன்னு கேட்டுட்டு வர்றான்னு தெரிஞ்சது. அவன் நம்ம கோயில் கடைசி பெஞ்சுல வந்து உக்கார்ந்த அன்னிக்கு…

கில்பர்ட்: அன்னிக்கு?

ஹானிபல்: அம்மாவுக்கு இருமல் வந்துச்சு. அம்மா திரும்பி என்னைப் பார்த்தாங்க. எனக்கும் வந்துச்சு. அப்புறம் மொத்தப் பேருக்கும். வெளிய வந்ததும் அந்த ஆள் என்கிட்ட, உங்க பாதிரியார் பேர் சொன்னாரா இல்லையான்னு கேட்டான். இருமல்ல எனக்கே கேக்கலைன்னேன். ஊர்ல என்ன நோய்ன்னு கேட்டான். தெரியலை, ஆனா ஒட்டும்னேன். சாப்பிடக்கூட நிக்காமப் போயிட்டான்.

கில்பர்ட்: கடவுளே…

வில்மட்: இருமக் கூடாதுன்னு எந்தச் சட்டத்துலயும் இல்லை. யாரும் பொய் சொல்லலை.

கில்பர்ட்: அதுக்கப்புறமும் வாராவாரம் எதுக்கு?

ஹானிபல்: அவன் திரும்பி வந்தா? இல்ல வேற ஒருத்தன் வந்தா? அதான், விடாம.

கில்பர்ட்: டாப்பர் அம்மாவுமா? அவங்கதானே எல்லாரை விடவும் மோசமா இருமறாங்க. நான் அவங்களுக்கு ரெண்டு குப்பி தேன்…

வில்மட்: அவங்கதான் நல்லா இருமறாங்க. இயற்கையா இருக்கும்.

கில்பர்ட்: அவங்களுக்கு வில்லியம் ராஜான்னா உயிராச்சே. அடுப்பு வரியை எடுத்ததுலேர்ந்து, விறகு வைக்கும்போதெல்லாம் அவர் பேரைச் சொல்றாங்க.

ஹானிபல்: பின்ன? ஒவ்வொரு கணப்புக்கும் வரி. அதை எண்ணிப் பார்க்கக் காவலாளோட படுக்கையறை வரைக்கும் வருவாங்க. குடுக்க முடியலைன்னா கம்பளியைத் தூக்கிட்டுப் போவாங்க. எந்த ராஜா அதை வேணாம்னான்? இவர் வந்து உக்கார்ந்த சூட்டோட எடுக்கச் சொல்லிட்டார். நீங்க பெரிய பெரிய காரணம் சொல்வீங்க ஐயா, பாராளுமன்றம், வாரிசு அப்படின்னு. எங்களுக்கு இதுதான். அவர் படை மழையில சேத்துல நம்ம ஊர் வழியாப் போச்சே, ஒருத்தன் எங்க வீட்டுக் கோழியைப் பிடிச்சான். அவன் தலைவன் அந்தக் கோழியை உயிரோட திருப்பிக் கொண்டுவந்து குடுத்தான். பாஷை தெரியலை, தொப்பியை எடுத்தான். அன்னிக்கே என் பையன் அவங்க பின்னாடி போயிட்டான்.

கில்பர்ட்: அப்படி இருந்தும் நீ… உன் பையன் அந்த ராஜாவோட படையில இருக்கான். நீ அவர் பேரை மறைக்க இருமியிருக்கே.

ஹானிபல்: ராஜா எங்களுக்கு வேணும்தான் ஐயா. அதுக்காக நீங்க வேணாம்னு ஆயிடுமா?

வில்மட்: ஏங்க. சோப்பு கண்ணுல போயிடுச்சா?

கில்பர்ட்: ஆமா. சோப்புதான்.

வில்மட்: துண்டு இந்தாங்க.

கில்பர்ட்: இப்போ நான் எப்படிப் போறது, சொல்லுங்க. இத்தனை பேர் எனக்காக… முன்னாடியை விடக் கஷ்டமா ஆயிடுச்சு. டாட்னஸ் போய்க் கையைத் தூக்கினா, வீட்டுக்காகத் தூக்கினேனா, மனசாரத் தூக்கினேனா? எனக்கே தெரியாது வில்மட். ராத்திரி பூரா அதுதான். இந்தக் கூரை, உன் தோட்டம், குளிர்காலத்துக்கு ஒரு கணப்பு… இதெல்லாம் தராசுல ஒரு பக்கம் உக்கார்ந்துக்கிட்டு இருந்தா, எது கனம்னு எப்படித் தெரியும்? கடவுள் பேரால சொல்ற வார்த்தை அது. கூரைக்காகச் சொல்லக் கூடாது.

வில்மட்: இதுதானா?

கில்பர்ட்: இதுதானாவா? இதுக்கு மேல என்ன வேணும்?

வில்மட்: வீட்டை எடுத்துக் கீழ வெச்சாச்சு. விடுங்க.

கில்பர்ட்: என்ன சொல்றே?

வில்மட்: டார்ட்மத்ல எங்க அண்ணன் டெகரிகிட்ட சொல்லிட்டேன். வலைக் கிடங்குக்கு மேல ஒரு அறை இருக்கு. மீன் வாசம் வரும், ஆனா வெயிலும் வரும். நீங்க பக்கத்துப் பிள்ளைங்களுக்கு எழுத்துச் சொல்லிக் குடுக்கலாம். நான் வலை பின்னுவேன், கல்யாணத்துக்கு முன்னாடி பின்னினவதானே. அண்ணியும் சரின்னுட்டா. கோழிங்களை நேத்தே டாப்பர் அம்மாவுக்குக் குடுத்துட்டேன்.

கில்பர்ட்: அதான் காலையில முட்டை இல்லையா?

வில்மட்: நான் வீட்டையே குடுத்துட்டேங்கறேன், இவர் முட்டையைக் கேக்கறார்.

ஹானிபல்: அம்மா… ஊரை விட்டா? இதை எங்ககிட்ட சொல்லவே இல்லையே.

வில்மட்: நீ சும்மா இரு. ஏங்க, என்னைப் பாருங்க. எனக்கு இந்த வீடு பிடிக்கும். உங்களோட டார்ட்மத்ல இருக்கறதும் பிடிக்கும். சத்தியம் பண்ணாதீங்கன்னு உங்க மனசு சொன்னா, நாளைக்கே மூட்டை கட்டலாம், ஒரு வார்த்தை முணுமுணுக்க மாட்டேன். இப்போ தராசுல வீடு இல்லை. நீங்க இருக்கீங்க, கடவுள் இருக்கார், அந்த டச்சுக்கார வில்லியமும் அவர் பொண்டாட்டி மேரியும் இருக்காங்க. சொல்லுங்க.

ஹானிபல்: நான் வேணும்னா வெளிய…

கில்பர்ட்: இல்ல, இரு. உனக்கும்தான் சொல்லணும். பெந்தெகொஸ்தே ஞாயித்துக்கிழமை ஆராதனை முடிஞ்சு டாப்பர் அம்மா வீட்டுக்குப் போனேன். தேன் குடுக்க. நல்ல மழை. வரிக்குப் பயந்து கல்லும் மண்ணும் வெச்சு அடைச்சிருந்தாங்களே, உள் அறைக் கணப்பு, அதை இடிச்சுத் திறந்திருந்தாங்க. தீ மூட்டியிருந்தாங்க. அவங்க பொண்ணு, நடக்க முடியாதவ, அது முன்னாடி காலை நீட்டிப் படுத்திருந்தா. எத்தனையோ குளிர்காலம் அந்த அறையில அவ பல்லு கிடுகிடுங்கறதைக் கேட்டிருக்கேன். அன்னிக்குத் தூங்கிட்டு இருந்தா. டாப்பர் அம்மா என்கிட்ட, நனைஞ்சிருக்கீங்க ஐயா, கையைக் காட்டுங்கன்னாங்க. காட்டினேன். …சூடாச்சு.

வில்மட்: ம்.

கில்பர்ட்: அவ்வளவுதான். பெரிய தரிசனம் எதுவும் இல்லை. ராஜா யாருன்னு அந்தக் கணப்புகிட்ட நான் கேக்கலை. ஆனா கையைச் சூடு பண்ணிக்கிட்டேனே, அந்தத் தீக்குக் காரணமானவருக்காக ஜெபம் பண்ணாம எப்படி எழுந்து வர்றது? அதுக்கு அடுத்த ஞாயித்துக்கிழமையிலேர்ந்து சொல்லிட்டுத்தான் இருக்கேன். வில்லியம், மேரி. ரெண்டு பேரையும். ஒவ்வொரு வாரமும்.

ஹானிபல்: எங்களுக்குக் கேக்கலையே ஐயா.

கில்பர்ட்: நீங்க எங்க கேக்க விட்டீங்க?

ஹானிபல்: அப்போ… இத்தனை வாரமா நாங்க…

கில்பர்ட்: ராஜா பேரை அமுக்கிட்டு இருந்தீங்க. எக்ஸிட்டர் ஆளுக்குத் தெரிஞ்சா உங்களைத்தான் பிடிச்சுட்டுப் போவான்.

ஹானிபல்: ஐயா, கொஞ்சம் சத்தமா, தைரியமாச் சொல்லியிருக்கலாமே.

கில்பர்ட்: இத்தனை மாசமா இவகிட்ட அவ்வளவு வாதாடிட்டு… வெக்கமா இருந்தது ஹானிபல். இருமல் வர்றது வசதியா இருந்தது. அந்த மறைவுல சொல்லிட்டேன். நோய்க்கு நன்றி சொல்றது பாவமோன்னு கூட ஒரு தடவை நினைச்சேன்.

வில்மட்: எழுந்திருங்க. நல்ல கோட்டு கதவுக்குப் பின்னாடி இருக்கு. வழியில ஆத்தைத் தாண்டும்போது காலைத் தூக்கிக்கோங்க.

கில்பர்ட்: நான் போறேன்னு சொல்லவே இல்லையே.

வில்மட்: சொல்லுங்க, கேக்கறேன்.

கில்பர்ட்: …போறேன். வீடு இல்லைன்னாலும் போறேன். ஹானிபல், குதிரையை வாசலுக்குக் கொண்டுவா.

ஹானிபல்: இதோ ஐயா. அம்மா, வர்ற வழியில டாப்பர் அம்மாகிட்ட கோழிங்களை…

வில்மட்: அதெல்லாம் குடுத்தது குடுத்ததுதான். ஒரே ஒரு கோழியை மட்டும் கேட்டு வாங்கிட்டு வா, ஐயாவுக்கு முட்டை வேணுமாம். போ.

கில்பர்ட்: வில்மட்… நீ முன் பெஞ்சுல, எனக்கு நேரா முழங்கால் போடறவ. உனக்குமா கேக்கலை?

வில்மட்: கேக்கலை. ஆனா உங்க உதடு எப்படி அசைஞ்சா என்ன வார்த்தைன்னு எனக்குத் தெரியாதா? முதல் வாரமே பார்த்துட்டேன். எக்ஸிட்டர் ஆளுக்காக இருமினது அதோட சரி… அதுக்கப்புறம் எல்லாரையும் இன்னும் பலமா இருமச் சொன்னதெல்லாம், நீங்க வெக்கப்படாம அந்தப் பேரைச் சொல்லிப் பழகணும்னுதான்.