பெரட்டுச் சங்கு ஊதியதால் பார்க்காத காட்சி

கொட்டகலையிலிருந்து அக்கரப்பத்தனைக்குப் போகும் பஸ்ஸில், எனக்கு முன் இருக்கையில் நரைத்த தலைக்காரர்கள் இருவர்.

“அந்தக் கராத்தே படத்துல, அப்பனைக் கொன்னவன அடிச்சுக் கொன்னுட்டு ஹீரோ தேம்பித் தேம்பி அழுவுறாண்ணே.”

“நாம பாத்தப்ப அழுவலியேடா?”

“எங்க பாத்தோம்? தோட்டத்துத் திருவிழாவுல வீடியோ டெக்கு விடியிறவரைக்கும் ஓடுச்சு. வில்லன் விழுகவும் பெரட்டுக்குச் சங்கு ஊதிட்டாங்க. பேர் பதிஞ்சு வேலைக்குப் போக எல்லாரும் ஓடிட்டோம். போன வாரந்தான் மவன் போன்ல மிச்சத்தக் காட்டுனான்.”

“அன்னைக்குத் தேயிலை மலையிலதானே நீ செல்லமுத்து பல்ல ஒடைச்ச?”

“எங்கப்பாவ அடிச்ச கங்காணியோட மவனாச்சேன்னு ஒடைச்சேன். அவன் என்னண்ணே செஞ்சான், பாவம்.”

அடுத்த தரிப்பிடத்தில் இளையவர் எழுந்தார்.

“இங்க ஏன்டா எறங்குற?”

“செல்லமுத்து வீடு இங்கதாண்ணே. மிச்சப் படத்தச் சொல்லிட்டு வாறேன்.”