மர்ஸாவி வீட்டுப் பேர்

— டீ அப்புறம். முதல்ல யார் யார் இருக்கோம்னு சொல்லிடுறேன், நாளைக்கு ஒருத்தரும் காதுல விழலன்னு சொல்லக் கூடாது. மாப்பிள்ளையோட வாப்பா சுஐபு. உம்மா ஹாலிதா. பொண்ணோட வாப்பா நான், மீராசா மர்ஸாவி. வேற ஆளில்ல. பொண்ணு அஃபீஃபாவும் அவ உம்மாவும் சார்ஜாவுக்குத் துணி எடுக்கப் போயிருக்காங்க.

— காக்கா, கல்யாணக் கார்டு சரிபாக்கத்தானே கூப்பிட்டீங்க? கோர்ட்டு மாதிரி பேர் கூப்பிடுறீங்க.

— கார்டு விஷயந்தான் சுஐபு. என் பேருக்குப் பின்னால 'அல் மர்ஸாவி'ன்னு தங்க எழுத்துல போட்டிருக்கீங்க.

— பின்ன? கத்தார்ல, ராஸ் லஃபான்ல எங்க சைட் பூரா சொல்லி வச்சிருக்கேன், சம்பந்தி அரபிக் கபீலா, பெரிய வம்சம்னு. எங்க அரபி மேனேஜரே எந்திரிச்சு கை குடுத்தான் காக்கா.

— அன்னைக்கிலிருந்து இவங்க அந்தக் கையைக் கழுவுறதே இல்ல.

— நீ சும்மா இரு ஹாலிதா.

— வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிஞ்சு அந்தக் கபீலாப் பெரியவர் வீட்டுக்குப் போனேன், கல்யாணத்துக்குச் சொல்ல. இந்த ராஸ் அல் கைமாவுல முப்பது வருஷமா கயிறும் தார்ப்பாயும் விக்கிறேன். அவங்க வாசல் ஏறினதில்ல. காரியம் இல்லாம ஒரு வீட்டுக்குப் போற வழக்கம் எங்க குடும்பத்துல கிடையாது.

— அச்சா. என்ன சொன்னாங்க?

— மர்ஸான்னா கப்பல் நங்கூரம் போடுற துறை. துறையில குடியிருந்த கூட்டம், அதனால மர்ஸாவி. அதுவே எனக்கு அன்னைக்குத்தான் தெரியும். அப்புறம் எங்க வாப்பாவோட வாப்பா பேரைச் சொன்னேன். பெரியவர் என் கையைப் பிடிச்சுக்கிட்டார். 'எங்க கப்பல் சமையக்காரர்'னார்.

— யாரு?

— முத்துக் குளிக்கிற கப்பல்ல சோறாக்கினவர். கீழக்கரை ஆளு. அரபி ரத்தம் ஒரு சொட்டு கிடையாது.

— காக்கா, என்ன பேசுறீங்க.

— முழுசாக் கேட்டுக்குங்க. கப்பல் தலைவர் மகனுக்கு அம்மை போட்டிருச்சு. எல்லாரும் ஒதுங்கிட்டாங்க. இவர் மட்டும் கஞ்சி ஊத்தி, பதினேழு நாள் பக்கத்துல இருந்திருக்கார். பையன் பிழைச்சான். தலைவர் இவரைக் கூட்டத்துல சேத்து, பேரைக் குடுத்தார். அவங்க வழக்கம் அது. குடுத்தா குடுத்ததுதான், புள்ளைங்களுக்கும் சேத்து. நாங்கதான் ஊருக்குப் போய் அதை ரத்தமாக்கிட்டோம். அதிகமா ஆக்கினது நான்.

— இதை நான் கேக்கவே இல்லன்னு வச்சுக்குவோமே. யாருக்குத் தெரியப் போகுது?

— எனக்குத் தெரியும். பொய்யை நம்பி நீங்க என் பொண்ணை எடுக்கக் கூடாது. வேணாம்னா இப்பவே சொல்லுங்க. கோவிச்சுக்க மாட்டேன், வாசல் வரைக்கும் வந்து அனுப்புறேன்.

— அஃபீஃபாவுக்குத் தெரியுமா காக்கா?

— நேத்து சொன்னேம்மா. சிரிச்சா. சோத்துல கை வைக்கல.

— ஏங்க, எங்க வாப்பா சவூதியில, ஜுபைல் கேம்ப் மெஸ்ல என்ன பண்ணினார்?

— இப்ப எதுக்கு அது?

— சோறாக்கினார். நம்ம கல்யாணத்துல நீங்க 'கேட்டரிங் மேனேஜர்'னு சொல்லி வச்சீங்க. கடைசி வரைக்கும் அவருக்கு அதுதான் வருத்தம்.

— தப்புதான் ஹாலிதா.

— என்கிட்ட இல்ல, காக்காகிட்ட பேசுங்க. பதிலுக்குக் காத்திருக்கார்.

— அப்ப கார்டுல அந்தப் பேரை அடிச்சிடவா காக்கா?

— பேரை எதுக்கு அடிக்கணும்? அது எங்க வாப்பாவோட வாப்பா சம்பாதிச்சது. ஊர்ல பரவியிருக்கிற பொய்யை அடிங்க.

— ஏங்க, உங்க போன் அடிக்குது. தோஹாவுல இருந்து எங்க அண்ணன் கலீலுர் ரஹ்மான். இந்தக் கபீலாக் கதையை ஊர் பூரா பரப்பினதே அவர்தான்.

— ஹலோ, சொல்லுங்க மச்சான். ம். அரபி ரத்தத்துப் பொண்ணான்னு கீழக்கரையில கேக்குறாங்களா? இல்ல மச்சான், தப்பு. கப்பல்ல சோறாக்கினவர் பேரனோட பொண்ணு. நம்ம வீட்டு மருமக.